தாவரம் என்னுஞ் சொல்லும் அதன் பொருளும்

சைவநன்மக்கள் நாடோறும் ஓதுஞ் சிவபுராணத்திலே தாவரம், சங்கமம் என்னும் இரண்டு சொற்கள் ஒன்றையொன்று அடுத்து நிற்கின்றன. கண்டி நகரத்தும் அதனைச் சூழ்ந்த தோட்டங்களிலும் சிறுவர்க்குச் சமயபாடங் கற்பிக்கும் அன்பர்கள் இவ்விரு சொற்களுக்கும் பொருள் கேட்பாராயின், பெரும்பாலும் வரும் விடை ‘மரஞ்செடிகள் கூடுமிடம்’ என்பதே. பிள்ளைகள்மேற் குற்றமில்லை. பாடசாலையிலே தாவரம் என்றால் மரமுஞ் செடியுமே என்று கற்றிருக்கின்றனர். சங்கமம் என்றால் இரண்டு ஆறுகள் கூடுமிடம் என்று கற்றிருக்கின்றனர். இரண்டையுங் கூட்டினால் வேறென்ன வரும்? ஆயினும், பிறந்து பிறந்து இளைத்த உயிரின் முறையீடாகிய ஓரிடம் பூங்காவின் வருணனையாய்ப் போய்விடுகின்றது. நாடோறும் வாயால் ஓதுவது நெஞ்சிற் சேராதொழியுமாதலின், இச்சொல்லைச் சிறிது விரித்து ஆராய எடுத்துக்கொண்டாம்.

முதற்கண் சொல்லின் பிறப்பைக் காண்பாம். தாவரம் என்பது ஸ்தாவரம் என்னும் வடசொல்லின் தற்பவம். ஸ்தோத்திரம் தோத்திரமாயினவாறும், ஸ்தூலம் தூலமாயினவாறும் போல, மொழிமுதற்கண் நில்லாத ஸகரங் கெட்டுத் தமிழியல்பு பெற்றது. ‘ஸ்தா’ என்னும் பகுதிக்கு நிற்றல் என்பது பொருள். தானம், தாபனம், திதி, திரம் முதலிய சொற்களும் அப்பகுதியிற் பிறந்தனவே. கோயிலைத் தேவஸ்தானம் என்கின்றோம். கண்டி கட்டுக்கலைச் செல்வவிநாயகர் ஆலயத்தையும் அப்பெயராலேயே வழங்குகின்றோம். தேவன் நிற்குமிடம் என்பது அதன் பொருள். தாவு என்னுந் தமிழ் வினைக்கும் இதற்கும் யாதோர் இயைபுமில்லை. தாவாத பொருளுக்குத் தாவரம் என்று பெயர்வந்தது முரண் அன்றோ என்று நகையாடுவோர் இதனை மனங்கொள்க.

‘வர’ என்னும் விகுதியே ஈண்டுச் சிறப்பாக நோக்கத்தக்கது. பாணினி முனிவர் தம் நூலின் மூன்றாம் அத்தியாயத்திலே, ஒரு செயலைத் தன் இயல்பாகவே உடையது என்னும் பொருளில் இவ்விகுதியை விதித்தார். அவ்வொரு சூத்திரத்தினாலேயே ஸ்தாவரம் என்னுஞ் சொல்லும் ஈசுவரன் என்னுஞ் சொல்லும் முடிகின்றன. ஆளுதலை இயல்பாக உடையவன் ஈசுவரன். நிற்றலை இயல்பாக உடையது தாவரம். ஒருவன் தடுத்தமையால் நின்றதும், களைத்தமையால் நின்றதும், வைத்தமையால் இருப்பதும் தாவரமாகா. நிற்றலே எதற்கு இயல்போ அதுவே தாவரம்.

இதற்கு மறுதலையாகிய சங்கமமோ ‘ஜங்கமம்’ என்பதன் திரிபு. போதற்பொருளுள்ள பகுதியிற் பிறந்து இயங்குவது எனப் பொருள்படும். கூடலைக் குறிக்குஞ் சங்கமம் வேறு சொல். வடமொழியில் ஜகரமும் ஸகரமுமாக வேறுபட்டு நின்ற இரண்டும் தமிழிற் சகரமாய் ஒன்றுபோலத் தோன்றலின் இம்மயக்கம் உண்டாயிற்று. எனவே தாவரசங்கமம் என்பது தாவரமுஞ் சங்கமமும் என விரிந்து உம்மைத்தொகையாம். நிற்பனவும் இயங்குவனவும் என்பதே பொருள். தாவரவியல் என்பதோ தாவரத்தைப் பற்றிய இயல் என விரிந்து, உருபும் பயனும் உடன்றொக்க தொகையாம். தாவரலிங்கம் என்பது தாவரமாகிய இலிங்கம் என விரிந்து பண்புத்தொகையாம். ஒரே அடைமொழி; தொகையோ மூன்று. தாவரலிங்கத்தைத் தாவரவியல்போல விரிப்பவன் மரத்தாற் செய்த இலிங்கமென்று சொல்லநேரும்.

அற்றேல், சிவபுராணத்திலே தாவரம் என்றது மரஞ்செடிகளை மாத்திரமோ, வேறும் உளவோ எனின், அங்கே எண்ணப்பட்ட பிறப்புக்களுட் புல்லும் பூடும் மரமும் இருத்தல்போலக் கல்லும் இருக்கின்றது. கல் மரமன்று, செடியுமன்று. ஆகவே அங்கே அச்சொல் நிற்பன என்னும் பழைய விரிந்த பொருளிலேயே வந்தது. பகவற்கீதையிலே தாவரங்களுள் இமயமலை சிறந்ததாக எடுத்து வைக்கப்பட்டிருத்தலையும் நோக்குக. பழையோர்க்கு மலையே முதற்றாவரம்.

அசலம் என்னுஞ் சொல்லும் இதனோடொத்த வழியிலே சென்றது. சலிப்பது சலம், சலியாதது அசலம், அதுவே மலைக்குப் பெயராய் அருணாசலம், விருத்தாசலம், வேங்கடாசலம் என நின்றது. சுவாமி வேதாசலம் என்னும் பெயருடையராயிருந்த சைவப்பெரியார் 1916ஆம் ஆண்டளவில் தனித்தமிழ் நோன்பு மேற்கொண்டு மறைமலையடிகளாயினபோது, வேதம் மறையாகவும் அசலம் மலையாகவும் மாறின. அசையாமை என்னும் பண்புப்பொருள் மறைந்து மலை என்னும் பெயர்ப்பொருள் நின்றவாறு காண்க. நம்முடைய நகரமும் மலையாற் பெயர்பெற்றதே. மலைமேல் நாடு என்று பொருள்படும் ‘கந்த உட ரட்ட’ என்னுஞ் சிங்களத் தொடரின் முற்பகுதியைப் போர்த்துக்கீசர் எடுத்தாள, அது கண்டி என்றாயிற்று.

இனி, இவ்விரிந்த பொருள் மரஞ்செடிகளளவிற் சுருங்கினவாற்றை ஆராய்வார்க்குப் பேராதனையினுஞ் சிறந்த இடம் வேண்டுவதில்லை. மகாவலி கங்கை வளைந்து மூன்று புறமுஞ் சூழ்ந்தோடும் 147 ஏக்கர் நிலத்திலே, 1821இல் அலெக்சாந்தர் மூன் என்பவர் ஆண்டுள்ள பூங்காவை அமைத்தார். இலங்கைச் செடிகொடிகளின் அட்டவணை ஒன்றை 1824இல் அவர் வெளியிட்டார். அப்பூங்காவைத் தமிழிலே தாவரவியற் பூங்கா என்கின்றோம். சிங்களத்திலோ ‘உத்பித உத்யானய’ என்பர். உத்பிதம் என்றது மண்ணைப் பிளந்து மேலெழுவது. நம் நூல்களிலே அண்டசம், சுவேதசம், உற்பிச்சம், சராயுசம் எனத் தோற்றம் நால்வகைப்படும் என்று ஓதப்படுகின்றதன்றோ? முட்டையிற் பிறப்பன, வெயர்வையிற் பிறப்பன, வித்து வேர் முதலியவற்றிற் பிறப்பன, கருப்பையிற் பிறப்பன என்பன அவை. அவற்றுள் உற்பிச்சம் என்பதும் இவ்வுத்பிதமும் ஒரே பகுதியிற் பிறந்தவை. ஆகவே ஒரே மரத்தைச் சிங்களர் அது தோன்றுமாறு பற்றியும், தமிழர் அது நிற்குமாறு பற்றியும் பெயரிட்டனர். நால்வகைத் தோற்றம், எழுவகைப் பிறப்பு என்னும் நமது பாடத்தின் இருகூறும் ஒரு வாயிலிலே கூடி நிற்பதுபோலும் இது! சிங்களத்திலும் ஸ்தாவரம் என்னுஞ் சொல் உண்டு. ஆனால் அது நிலையானது என்னும் பொருளிலேயே வழங்குகின்றது. நிலையான வைப்பு என்று நாம் சொல்லும் வங்கிப் பணத்தைச் சிங்களர் ‘ஸ்தாவர தென்பத்து’ என்பர். பழம்பொருளைச் சிங்களம் காத்தது. சுருங்கிய பொருளைத் தமிழ் ஏற்றது.

எழுவகைப் பிறப்பினுள்ளே தேவர், மனிதர், விலங்கு, பறவை, ஊர்வன, நீர்வாழ்வன என்னும் ஆறும் இயங்குவன. தாவரம் ஒன்றே நிற்பது. எண்பத்துநான்கு நூறாயிரம் யோனிபேதங்களுள் தாவரத்திற்குரியவை 19 நூறாயிரம் என்றும் 20 நூறாயிரம் என்றும் இருவகைக் கணக்குக்கள் உண்டு. எங்ஙனமாயினும் தொகையாற் பெரியது அதுவே. ஈண்டு உற்றுநோக்கத்தக்கது யாதெனின், நம்முன்னோர் தாவரத்தை உயிர்வருக்கத்தினுள் வைத்தனர் என்பது. தொல்காப்பியர் மரபியலிலே புல்லும் மரமும் ஓரறிவுயிர் என்றார். பரிசத்தை அறியும் அறிவு அவற்றுக்கு உண்டு. தேயிலைமலைக்கு ஏறும் வழியின் இருமருங்கும் படர்ந்துகிடக்குந் தொட்டாற்சுருங்கியை ஒரு குழந்தை விரலாற்றொட்டு அறியும் உண்மை இது. அமெரிக்க நாட்டினின்றும் வந்து இங்கே களையாய்ப் பரந்த அச்செடி இடம்பெயர்வதில்லை. ஆயினும் தொட்டவுடன் இலை மடிக்கின்றது. வங்காளத்து விஞ்ஞானி ஜகதீச சந்திர போசு (1858–1937) நுண்கருவிகளாற் செடிகளின் இத்தகைய எதிர்ச்செயல்களை அளந்து உலகிற்குக் காட்டினார்.

ஆதலின் தாவரம் வேறு, சடம் வேறு. இவ்வேறுபாட்டை மறந்தவிடத்தே பெரும்பிழைகள் புகுகின்றன. சடமாவது அறிவில்லாதது. பானை சடம், அஃது ஒருவன் எடுத்தவழிப் பெயரும், வைத்தவழி இருக்கும். பெயர்ந்தமையாற் சங்கமமாகாது, இருந்தமையாற் றாவரமாகாது. மரமோ பெயராது, ஆனால் உள்ளே உயிர் வினைப்பயனை நுகர்ந்துகொண்டு நிற்கின்றது. அசைதலை உயிருண்மைக்கு அடையாளமாகக் கொள்வோர், அருவி உயிருடையது, ஆலமரம் உயிரற்றது என்று கொள்ளவேண்டிவரும்.

நியாயத்தலத்திலோ இச்சொற்களின் வழக்குச் சிறிது வேறு. அங்கே பானையும் நகையும் மாடும் சங்கமசொத்து. நிலமும் வீடும் தாவரசொத்து. பெயர்க்கத்தக்கதெல்லாம் அவர்க்குச் சங்கமம். தானே பெயர்வதே சாத்திரத்தார்க்குச் சங்கமம். இலங்கையிலே நாம் அசையும் ஆதனம், அசைவற்ற ஆதனம் என்று வழங்குகின்றோம். அசைவற்ற ஆதனத்தைக் கொடுத்தலும் வாங்கலும் நொத்தாரிசு முன்னிலையில் எழுத்தினால் முடிக்கப்படல்வேண்டும் என்பது 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கட்டளைச்சட்டத்தின் விதி. அவ்வெழுத்தை நம்மவர் ‘உறுதி’ என்று பெயரிட்டு வழங்குவது எத்துணைப் பொருத்தம்! நிற்கும் பொருளுக்கு நிற்கும் எழுத்து.

இவ்வுறுதி இல்லாதோரை இங்கே நினையாது செல்லுதல் எமக்கு இயலவில்லை. கண்டிச் சூழலிலே கோப்பிப் பயிர் செழித்த காலத்தில், தமிழகத்துச் சிற்றூர்களினின்றும் வந்தோர் மன்னார்க் கரையிலிறங்கி, காட்டுவழியே மாத்தளைக்கு நடந்து, அங்கிருந்து மலைகளிற் பரந்தனர். 1869இல் இலைநோய் தோன்றிக் கோப்பியை அழித்தது. அதற்கு இரண்டாண்டு முன்னரே லூல்கந்துரையில் ஜேம்சு டெயிலர் தேயிலை நட்டிருந்தார். கோப்பியுந் தேயிலையும் தாவரமே; அவையோ கடல்கடந்து வந்து இம்மலைகளில் வேரூன்றின. அவற்றை நட்டவர் சங்கமமாகிய மனிதர். அவர்க்கோ ஊன்ற ஓரடி நிலமில்லை. ஒரு தோட்டத்தினின்றும் மற்றொன்றிற்கு ஆள்களைக் கடன்கணக்கோடு மாற்றிய துண்டுமுறை 1921இலேதான் ஒழிந்தது. 1948ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டம் அவர்களுட் பெரும்பாலோரை நாடற்றோராக்கியது. 1964இல் இரு நாட்டுப் பிரதமரும் செய்த உடன்படிக்கையின்படி 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என எண்ணிப் பங்கிடப்பட்டனர். எஞ்சிய 1,50,000 பேர் பத்தாண்டு கழித்து இருபாதியாக்கப்பட்டனர். நாடற்றோராய் எஞ்சியோர்க்குப் பிரசாவுரிமை வழங்குஞ் சட்டம் 2003இலே வந்தது. சங்கமம் என்றதற்குத் தன்விருப்பால் இயங்குவது என்பதன்றோ பொருள்? பிறர் எடுத்துவைக்கப் பெயர்ந்தோரை அச்சொல்லாற் குறித்தல் எங்ஙனம்?

அவர் குடியிருந்தது லயம். அஃது ஆங்கிலத்து ‘லைன்’ என்பதன் மரூஉ. லயித்தல் என்னும் நமது சொல்லோடு அதற்கு உறவில்லை. ஆயினும் அந்த லயத்தார் ஒவ்வொரு மலையிலும் ஒரு மரத்தடியிற் கல்லொன்றை நட்டு, முனியாண்டி என்றும் மாரியம்மன் என்றும் பெயரிட்டு, பின்னர்க் கூரைவேய்ந்து, பின்னர்க் கோபுரமுங் கட்டினர். தமக்கில்லாத தாவரத்தைத் தம் தெய்வத்துக்கு ஆக்கிக்கொண்டனர் என்பதே எம் கருத்து. தோட்டங்கள் 1972, 1975ஆம் ஆண்டுகளில் அரசினர் கைக்குச் சென்று, 1992 முதல் குத்தகையாகக் கம்பெனிகளின் நிருவாகத்துள் வந்தபோதும், அக்கற்கள் நட்டவிடத்தே நின்றன.

தாவரலிங்கம் என்னுஞ் சொல் இங்கே பொருள்படத் தொடங்குகின்றது. ஆறுமுகநாவலரவர்கள் (1822–1879) பரார்த்தலிங்கத்துக்குத் தாவரலிங்கம் என்பதும் பெயர் என்று தமது சைவவினாவிடையிலே காட்டியருளினார். ஆன்மார்த்தமாகிய இட்டலிங்கம் பூசிப்பவனோடு செல்லும். பரார்த்தலிங்கமோ திருக்கோயிலிலே எல்லார்க்கும் பொதுவாய் நிற்கும். படிமங்களைச் சலம், அசலம், சலாசலம் என ஆகமங்கள் பகுத்தலும் இதுபற்றியே. மூலவர் அசலம், வீதிக்கெழுந்தருளும் திருமேனி சலம். கண்டியிலே ஆண்டுதோறும் நிகழும் பெரகராவிலும் நாத, விட்டுணு, கதிர்காம, பத்தினி தேவாலயங்களினின்றும் யானைமேற் செல்லுவன தேவராயுதங்களே. கருவறைத் திருவுருவம் பெயர்வதில்லை. அவ்விழாத் தொடங்குமுன் இளம்பலாமரம் ஒன்றைத் துணித்து நான்கு தேவாலயங்களிலும் ‘கப்’ என நாட்டுவர். நம் கொடிமரத்தோடு அதனை ஒப்பிடுவார் ஒப்பிடுக.

மூலவர் அசையாது நிற்றற்பொருட்டே அட்டபந்தனம் சாத்தப்படுகின்றது. கொம்பரக்கு, சுக்கான்தூள், குங்கிலியம், கற்காவி, செம்பஞ்சு, சாதிலிங்கம், தேன்மெழுகு, எருமைவெண்ணெய் என்னும் எட்டனையும் இடித்துப் பிசைந்து, பீடத்துக்குந் திருமேனிக்கும் இடையே இறுக்குவர். பன்னிரண்டாண்டிற்கொருமுறை அதனைப் புதுக்குதல் மரபு. திருப்பணி வேண்டுங்காலத்தில் மூலவரின் அருட்சத்தியைக் கும்பத்தில் வாங்கி, பாலாலயத்திலே தாபித்து, பணிமுடிந்தபின் மீட்டும் மூலத்திற் சேர்ப்பர். நிற்பதைப் பெயர்த்தலுக்கும் ஆகமம் வழிவிட்டிருக்கின்றது. ஆனால் வழி அது. வீதியகலமாக்குதற்கோ வீட்டுத்திட்டத்திற்கோ தோட்டத்துக் கோயிலைப் பெயர்க்க நேர்ந்தால், ‘ஒரு கல்தானே’ என்று லொறியில் ஏற்றிவிடும் வழக்கத்தை நாம் உடன்படோம். கிரியையறிந்த குருக்களை வினாவி, பாலத்தாபனஞ் செய்து, புதுவிடத்துக்கு உறுதி எழுதிக்கொண்ட பின்னரே பெயர்த்தல்வேண்டும். உறுதியில்லாத நிலத்தில் இரண்டாமுறை நாட்டுவோர் மூன்றாமுறை பெயர்க்க நேருமன்றோ?

இனி வினாவொன்று எழும். இறைவனை அசலன் என்கின்றோம், தாணு என்கின்றோம். தாணு என்பதும் நிற்றற்பொருளுள்ள அப்பகுதியிற் பிறந்த சிவநாமமே. சுசீந்திரத்துத் தாணுமாலயன் என்னுந் திருப்பெயரில் அது முன்னிற்கின்றது. அச்சொல்லுக்கே பட்டமரத்தின் கட்டை என்னும் பொருளும் வடமொழியில் உண்டு. மரமும் அசையாது, சிவனும் அசையான் எனின், இரண்டும் ஒன்றோ? பிறசமயத்தார் நம் சிறுவரை நோக்கி இங்ஙனம் வினாவுதலும், சிறுவர் விடையின்றி நிற்றலும் உண்டு.

இதற்கு விடை இயக்கம் என்பது யாதென்று தெளிதலிலே இருக்கின்றது. இயங்குதலாவது ஓரிடத்தைவிட்டு மற்றோரிடத்தை அடைதல். அதற்கு, தான் இல்லாததோரிடம் வேண்டும். எங்கும் நிறைந்த முதல்வனுக்கு அத்தகைய இடம் யாண்டுமில்லை. ஆதலின் அவன் அசையான். மரமோ பேராதனையில் நின்றால் கட்டுக்கலையில் இல்லை. அதற்கு இல்லாத இடங்கள் எண்ணிறந்தன. அவற்றை அடையமாட்டாமையால் அது நிற்கின்றது. சிவனது அசையாமை நிறைவினால் வந்தது. மரத்தின் அசையாமை குறைவினால் வந்தது. அடைமொழி ஒன்று, காரணம் எதிர்மறை. சூரியன் முன்னிலையிலே ஒரு தாமரை மலர, ஒன்று முகிழ்க்க, ஒன்று உலர, சூரியன் விகாரப்படாதிருத்தலை நம் ஆசிரியர்கள் உவமையாக எடுத்துக்காட்டுவதும் இந்நிறைவையே உணர்த்துதற்கு. தாவரலிங்கத்தின் நிலையோ இவ்விரண்டினும் வேறு. எங்குமுள்ளவன் ஓரிடத்தே நின்றருளுவது நாம் சென்று காண்டற்பொருட்டு. இருபது கல் நடந்து வருபவன் வந்தவிடத்தே காணவேண்டுமன்றோ?

வீரசைவர் தாவரத்தினுஞ் சங்கமத்தையே உயர்த்திப் பேசுவர். அவர்க்கு அடியவரின் நடமாடுந் திருமேனியே கோயில். நமது சிவஞானபோதம் பன்னிரண்டாஞ் சூத்திரத்திலே அடியார் திருவேடத்தையும் ஆலயத்தையும் ஒருங்கே அரனெனத் தொழவிதித்தது. ஒன்றை உயர்த்துதற்கு மற்றொன்றைத் தாழ்த்துதல் நம் நெறியன்று. லயத்திலிருந்து வரும் அடியவரும், அவர் நட்ட கல்லும் அவ்விதியுள் அடங்குவர்.

நிலைத்திணை, நிலையியற்பொருள் என்னுந் தமிழ்ச்சொற்கள் இருப்பத் தாவரம் என்பதை ஏன் பயிலவேண்டும் என்பார்க்கு, அவற்றையும் பயில்க என்பதே எம் விடை. நிற்றற்பொருள் அவற்றில் வெளிப்படையாய்த் தோன்றுதலின், சிறுவர்க்கு முதலில் நிலைத்திணை, இயங்குதிணை என்று சொல்லிப் பின்னர்த் தாவரம், சங்கமம் என்பவற்றிற்குக் கொண்டுசெல்லுதல் எளிது. சிவபுராணத்தைக் கூட்டமாக ஓதுவிக்கும் ஆசிரியர்கள், அவ்விரு சொற்களுக்குமிடையே சிறிது நிறுத்தி, ‘நிற்பன’ என்று சொல்லும்போது வாயிலிலுள்ள மரத்தையும், ‘இயங்குவன’ என்று சொல்லும்போது அதிலிருக்குங் காக்கையையுஞ் சுட்டுக. பின்னர்ப் பிள்ளைகளைக் கொண்டே ஒவ்வொரு பிறப்பையும் இவ்விரண்டினுள் எதிற் சேரும் என்று வகுப்பிக்க. கல்லிடத்து வரும்போது பிள்ளைகள் தயங்குவார்கள்; அங்கே சிறிது நேரம் எடுத்துக்கொள்க. சங்கமம் என்னுஞ் சொல்லின் விரிவை அடுத்த பகுதியில் எழுதுவாம்.